ஆறு நிமிட நிசப்தம்

பிப்ரவரி 9, ஞாயிறு

பேய் வராது என்று இன்று காலை போன் செய்து சொல்லிவிட்டது.

இது மூன்றாவது பேய். முதல் பெண்ணுக்கு வேறொரு படத்தில் உயிரோடு இருக்கும் வேடம் கிடைத்துவிட்டது. இரண்டாவது பெண்ணுக்கு முகப்பூச்சு ஒத்துக்கொள்ளாமல் கன்னமெல்லாம் தடித்துவிட்டது. இன்றைய பெண்ணின் மாமியார் சம்மதிக்கவில்லையாம். அடுத்த சனிக்கிழமை படப்பிடிப்பு. வீடு இருக்கிறது, கேமரா இருக்கிறது, பயப்படுவதற்கு ஒரு கதாநாயகன் இருக்கிறான். அவன் யாரைப் பார்த்துப் பயப்படுவது?

வீடு என்பது அக்கா வீடு. சும்மா கொடுத்திருக்கிறாள். சாயங்காலம் அங்கே போய்ப் புலம்பினேன். துணி மடித்துக்கொண்டே எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "பேய்க்கு எதுக்குடா வெளிய அலையற? நான் பண்றேன். பவுடர் செலவுகூட மிச்சம்" என்றாள். விளையாட்டுக்குச் சொல்கிறாள் என்று நினைத்தேன். மடித்த போர்வையைத் தலையில் போட்டுக்கொண்டு அலமாரிக் கதவுக்குப் பின்னாலிருந்து எட்டிப் பார்த்தாள். குட்டி சிரித்த சிரிப்பில் புரை ஏறிவிட்டது.

குட்டி அக்கா மகள். பதினேழு வயது, அக்காவைவிட அரை அடி உயரம், இருந்தாலும் குட்டிதான். அத்தான் இறந்துபோன இந்த இரண்டு வருடத்தில் அவர்கள் இருவரும் சேர்ந்து சிரித்து நான் பார்த்ததே இல்லை. அதற்காகவே சரி என்றேன்.

பிப்ரவரி 12

அக்காவுக்குக் கதை சொன்னேன். புதிதாகக் குடிவந்தவன், முன்பு அங்கே இருந்தவளின் குரலை அலமாரிக்குள் கேட்கிறான். "அவ எதனால செத்தா?" என்று கேட்டாள். அதை நான் யோசிக்கவே இல்லை.

பிப்ரவரி 15, சனி

முதல் நாள். நாங்கள் மொத்தம் ஆறு பேர். எல்லோருக்கும் வேறு வேலை உண்டு என்பதால் சனி, ஞாயிறு மட்டும். எனக்கே வார நாட்களில் தண்ணீர் சுத்திகரிக்கும் இயந்திரத்தை எப்படிக் கழுவுவது என்று விளக்கும் வீடியோக்களை வெட்டி ஒட்டுகிற வேலை. கதாநாயகன் காப்பீட்டு அலுவலகத்தில் குமாஸ்தா. மேக்கப் போடுகிற அம்மா அழகு நிலையம் வைத்திருக்கிறார். முகத்தை வெளுப்பாக்கச் சொன்னால் சந்தோஷமாகச் செய்கிறார், கண்ணுக்குக் கீழே கருவளையம் போடச் சொன்னால் கை வரமாட்டேன் என்கிறது.

படுக்கையறை ஜன்னல்களுக்குக் கறுப்புத் துணி கட்டிப் பகலை இரவாக்கினோம். குட்டியைப் பரீட்சைக்குப் படிக்க அவள் அத்தை வீட்டுக்கு, அதாவது அத்தானின் தங்கை வீட்டுக்கு, அனுப்பியாயிற்று. அக்கா மூன்று மணி நேரம் அசையாமல் உட்கார்ந்து பூச்சு போட்டுக்கொண்டாள். கண்ணாடியைப் பார்த்துவிட்டு, "காலைல எழுந்திரிக்கும்போது இருக்கற மாதிரியேதான்டா இருக்கேன்" என்றாள்.

அவள் வேலை பல் மருத்துவமனை வரவேற்பு மேஜையில். வருகிறவர்கள் எல்லாம் பயந்துகொண்டுதான் வருவார்களாம். அதனால் இது ஒன்றும் பெரிய மாற்றம் இல்லையாம். வாய் ஓயவில்லை. பேய் இவ்வளவு பேசினால் யார் பயப்படுவார்கள் என்று கேமராக்காரர் தலையில் அடித்துக்கொண்டார்.

பிப்ரவரி 22, சனி

ஒலிப்பதிவு செய்பவரை நாங்கள் 'காது' என்றுதான் கூப்பிடுகிறோம். முகத்துக்கு நேராகவும் அப்படித்தான். ஒவ்வொரு அறையிலும் வேலை முடிந்ததும் அந்த அறையின் வெறும் நிசப்தத்தைத் தனியாகப் பதிவு செய்வார். வசனத்துக்கு நடுவே ஒட்டுப்போட அது வேண்டும். எல்லா ஒலிப்பதிவாளர்களும் செய்வதுதான். ஆனால் மற்றவர்கள் முப்பது வினாடி அசையாமல் நிற்பார்கள். காதுக்கு அது போதாது. அறையில் ஆள் இருந்தால் மூச்சு கேட்கும், துணி கேட்கும், வயிறு கேட்கும் என்பார். இயந்திரத்தை ஓடவிட்டு, எல்லோரையும் தெருவுக்கு விரட்டி, தானும் வெளியே வந்து, கதவைச் சாத்திவிட்டு ஆறு நிமிடம் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டு நிற்பார்.

இன்று படுக்கையறைக்கு அது நடந்தது. தெருவில் வரிசையாக நின்றோம். எதிர்வீட்டுக்காரர் செய்தித்தாளை இறக்கிவிட்டு எங்களைப் பார்த்தார்.

உள்ளே வந்தால் அக்கா அலமாரிக்குப் பக்கத்தில் நாற்காலியில் இருக்கிறாள். அவளை வெளியே கூப்பிட எல்லோருமே மறந்துவிட்டோம். காது கடுப்பாகி, "அசஞ்சீங்களா?" என்று கேட்டார். "தூங்கிட்டேன்" என்றாள். மேக்கப் அம்மா ஓடிவந்து, கண்ணுக்குக் கீழே பூச்சு கலைந்திருக்கிறதே என்று பதறினார். விளக்குச் சூட்டில் வேர்த்துவிட்டது என்றாள்.

மார்ச் 2, ஞாயிறு

முடிந்தது. கடைசி ஷாட் எடுத்ததும் அக்காவுக்கு எல்லோரும் கைதட்டினார்கள். முகத்தைக் கழுவிக்கொண்டு வந்து, "இனிமே நான் யாரு?" என்று கேட்டாள். சிரித்தோம்.

ஏப்ரல் 13

தினமும் வேலைக்குப் போகும் முன் இரண்டு மணி நேரம் எடிட்டிங். படம் ஓடுகிறது, ஆனால் உயிர் இல்லை. பேய்ப் படத்துக்கு இப்படிச் சொல்வது எனக்கே சிரிப்பாக இருக்கிறது.

அவன் அலமாரியைத் திறக்கும் காட்சிதான் மொத்தப் படமும். அங்கே குரல் வரவேண்டும். நான் எழுதிய வசனம் "போகாதே, என்னை விட்டுப் போகாதே." அலுவலகத்தில் ஒருவருக்குப் போட்டுக் காட்டினேன். மரியாதைக்காக வாயைப் பொத்திக்கொண்டார். தோள் குலுங்கியதை நான் பார்த்தேன்.

மே 14, புதன்

இதை எழுதக் கூடாது. இருந்தாலும் எழுதிவைக்கிறேன்.

அலமாரிக் காட்சிக்கு அடியில் போடுவதற்காகப் படுக்கையறையின் நிசப்தத்தைத் தேடி எடுத்தேன். பிப்ரவரி 22. ஆறு நிமிடம். முதல் இரண்டு நிமிடம் மின்விசிறியின் கரகரப்பு, தூரத்தில் ஒரு வண்டி. அப்புறம் நாற்காலி கிரீச்சிடுகிறது. அப்புறம் அக்கா பேசுகிறாள். மெதுவாக. யாரும் இல்லை என்று நினைத்துக்கொண்டு. கட்டிலைப் பார்த்துப் பேசியிருக்க வேண்டும்.

"நாலு தடவ கூப்பிட்டீங்க. பாத்துக்கிட்டேதான் இருந்தேன். எடுக்கல. அடிக்கட்டும்னு விட்டேன்."

மூச்சு.

"இப்பக் கூப்பிடுங்களேன்."

பிறகு ஒரு நிமிடத்துக்கு மேல் ஒன்றுமில்லை. பிறகு மூக்கை உறிஞ்சுகிற சத்தம்.

"ஒரு குடைக்குப் போயிச் சண்ட போட்டேன். அஞ்சாவது தடவ கூப்பிட்டா எடுத்துடணும்னு போனை மடியிலயே வச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன். நீங்க கூப்பிடவே இல்ல."

அவ்வளவுதான். பிறகு கதவு திறக்கிற சத்தம். எங்கள் காலடி.

அத்தான் அன்று சாலையோரமாக வண்டியை ஒழுங்காக நிறுத்தி, எச்சரிக்கை விளக்கைப் போட்டுவிட்டு, அதற்குள்ளேயே போய்விட்டார். நெஞ்சு வலி. அக்காவின் போனில் நான்கு அழைப்புகள் இருந்தன. போன் பைக்குள் இருந்தது, சத்தம் அணைத்திருந்தது என்று எல்லோரிடமும் சொன்னாள். எல்லோரும் நம்பினோம். நான் நம்பினேன். குட்டி நம்பினாள். இரண்டு வருடமாக இதைத் தனியாகச் சுமந்துகொண்டுதான் எங்களுக்கு ஜோக் சொல்லிக்கொண்டிருந்தாளா?

அலுவலகம் போகவில்லை. அழுதேன்.

மே 15

இன்று அந்தக் குரலை எடுத்து அலமாரிக் காட்சியில் வைத்துப் பார்த்தேன்.

சும்மா பார்க்கலாம் என்றுதான்.

சுருதியைக் கொஞ்சம் இறக்கினேன், வேகத்தைக் குறைத்தேன், சற்று எதிரொலி சேர்த்தேன். யார் குரல் என்று தெரியாது. "நாலு தடவ கூப்பிட்டீங்க" என்று அலமாரிக்குள்ளிருந்து வந்தபோது, நானே வைத்த குரலுக்கு நானே நாற்காலியைப் பின்னால் தள்ளினேன். "இப்பக் கூப்பிடுங்களேன்" என்பதோடு வெட்டினேன். குடையும் ஐந்தாவது அழைப்பும் வேண்டாம். அதுவும் இருந்தால் பயம் போய் இரக்கம் வந்துவிடும். பதினொரு வினாடி.

காட்சி நிமிர்ந்துவிட்டது. படமே எழுந்து நின்றுவிட்டது. நேற்று அழுதவன்தான் இன்று கையைத் தட்டிக்கொண்டேன். நான் என்ன மாதிரி ஆள்?

அக்காவிடம் கேட்டுவிட்டுத்தான் வைப்பேன்.

மே 18, ஞாயிறு

ஒலி கலவைக்காகக் காதிடம் படத்தைக் கொடுத்தேன். குரலை எவ்வளவு மாற்றினாலும் அவரிடம் செல்லுபடியாகாது. ஒரு தடவை கேட்டார். ஹெட்போனைக் கழற்றி மேஜையில் வைத்தார். "இது அந்த நிசப்தத்துல இருந்ததா? அவங்ககிட்டக் கேட்டீங்களா?"

"கேட்டுட்டேன்" என்றேன். யோசிக்கவே இல்லை, வாயிலிருந்து வந்துவிட்டது.

"நெசமா?"

"அட, கேட்டாச்சுங்க."

ஹெட்போனை மறுபடி மாட்டிக்கொண்டார். நாளைக்கே கேட்டுவிட்டால் பொய் மெய்யாகிவிடும்.

ஜூன் 8, ஞாயிறு

கேட்கத்தான் போனேன். அக்கா வீட்டில் அவளோடு வேலை செய்கிற இரண்டு பெண்கள் இருந்தார்கள். தான் பேயாக நடித்த கதையை எழுந்து நின்று நடித்துக் காட்டிக்கொண்டிருந்தாள். "என் தம்பி பெரிய டைரக்டராகப் போறான்" என்று அவர்களிடம் சொன்னாள். குட்டி என்னைப் பார்த்துக் கண் சிமிட்டினாள்.

அவர்கள் போனதும் சொல்ல ஆரம்பித்தேன். "அக்கா, அந்த அலமாரி சீன்ல ஒரு குரல்..."

"என் குரல்தானே? எதை வேணா போட்டுக்கோடா. கேட்டுக்கிட்டு நிக்கற" என்று சமையலறைக்குப் போய்விட்டாள்.

நான் பின்னாலேயே போயிருக்க வேண்டும். போகவில்லை. அவள் சொன்னதை அனுமதியாக மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டு வந்துவிட்டேன். அவளுக்கு எது என்று தெரியாது. எனக்குத் தெரியும்.

ஆகஸ்ட் 3

சிறு முதலீட்டுப் படங்களுக்கான ஒரு திரைப்பட விழாவில் எடுத்துக்கொண்டார்கள். செப்டம்பர் 6, காலைக் காட்சி. அக்கா போனிலேயே கத்தினாள்.

ஆகஸ்ட் 24

காட்சிக்கு இன்னும் பதின்மூன்று நாள். கேட்கவில்லை. குரலைக் கேட்டால் தெரியவே தெரியாது என்று திரும்பத் திரும்பப் போட்டுப் பார்க்கிறேன். தெரியாது. சத்தியமாகத் தெரியாது. சொற்கள்?

செப்டம்பர் 6, சனி

நூற்றுப் பத்து இருக்கை. முக்கால்வாசி நிறைந்திருந்தது. அக்கா நல்ல புடவை கட்டிக்கொண்டு மூன்றாவது வரிசையில். பக்கத்தில் குட்டி. நான் ஓரமாக நின்றுகொண்டு திரையைப் பார்க்காமல் அவர்களையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

முதல் நாற்பது நிமிடம் ஆட்கள் நெளிந்தார்கள். ஒருவர் போனில் எதையோ படித்தார். கதாநாயகன் கதவில் முட்டிக்கொண்ட இடத்தில் சிரிப்பு வந்தது, அது பயப்பட வேண்டிய இடம். பிறகு அலமாரி. அவன் கையை வைக்கிறான். குரல்.

அரங்கில் ஒரு சத்தம் இல்லை. பின்னால் யாரோ "ஐயோ" என்றார்கள். போன் பார்த்தவர் போனை இறக்கிவிட்டார்.

அக்கா அசையவில்லை. கை மட்டும் மடியில் இருந்த பையை இறுக்கிப் பிடித்தது. குட்டி திரையைப் பார்க்கவில்லை. அம்மாவின் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். படம் முடிகிறவரை அப்படியே பார்த்துக்கொண்டிருந்தாள்.

மேடைக்குக் கூப்பிட்டார்கள். முதல் கேள்வியே அதுதான். அந்தக் குரலை எப்படி உருவாக்கினீர்கள்? நான் மைக்கைப் பிடித்துக்கொண்டு சுருதி, வேகம், எதிரொலி என்று விளக்கினேன். இரண்டு நிமிடம் விளக்கினேன். பாராட்டு என் தலைக்கு ஏறியிருந்தது. காது எழுந்து வெளியே போனார். அக்கா கைதட்டினாள். மற்றவர்கள் நிறுத்திய பிறகும் ஒரு தட்டு அதிகமாகத் தட்டினாள்.

வெளியே வந்து தேடினேன். இருவரும் போயிருந்தார்கள்.

செப்டம்பர் 7, ஞாயிறு

ஒரு இணையதளத்தில் விமர்சனம் வந்திருக்கிறது. 'எழுபத்தெட்டு நிமிடப் படத்தில் பதினொரு வினாடிதான் பயமுறுத்துகிறது. ஆனால் அந்தப் பதினொரு வினாடி வீடுவரை கூடவே வருகிறது.' மற்றதெல்லாம் கிழி கிழி என்று கிழித்திருக்கிறார்கள். திட்டியதெல்லாம் நான் எழுதியது. பாராட்டியது அவளுடையது.

மத்தியானம் அக்கா போன் செய்தாள். சத்தம் போடுவாள் என்று காத்திருந்தேன்.

"எப்படா எடுத்த?"

சொன்னேன். நிசப்தம், ஆறு நிமிடம், கூப்பிட மறந்தது, எல்லாம்.

"நீ கேட்டிருந்தா குடுத்திருப்பேனோ என்னவோ. நீ கேக்கல. இனிமே அது எனக்கே தெரியாது." அப்புறம், "குட்டி என்கிட்டப் பேசலடா. 'போன் பைல இருந்துச்சுன்னு சொன்னியேம்மா'ன்னு ஒரே ஒரு தடவ கேட்டா. அதோட சரி."

குரலைத்தானே மாற்றினேன். நான்கு என்ற எண்ணிக்கையை மாற்றத் தோன்றவில்லை. அன்று அம்மாவின் போனை முதலில் எடுத்துப் பார்த்தவள் குட்டிதான். எனக்கு இது தெரியும். தெரிந்தும்.

செப்டம்பர் 9

குட்டி துணிமணி, புத்தகங்களை எடுத்துக்கொண்டு அத்தை வீட்டுக்குப் போய்விட்டாள். அங்கேயிருந்தே பள்ளிக்கூடம் போகிறாளாம்.

செப்டம்பர் 10

குட்டி கூப்பிட்டாள். "மாமா, அந்த வசனம் நீங்க எழுதினதா?"

என் மூளை எவ்வளவு வேகமாக வேலை செய்தது. "ஆமாடா. நான்தான் எழுதினேன்."

"நாலுன்னு உங்களுக்கு யாரு சொன்னா?"

"கதைக்கு ஏதோ ஒரு எண்..." என்று ஆரம்பித்தேன்.

"சரி மாமா" என்று வைத்துவிட்டாள். மாமாவும் பொய் சொல்கிறார், அம்மாவும் பொய் சொல்கிறாள். அந்தப் பிள்ளைக்கு இனி யார் மிச்சம்? என்ன பண்ணித் தொலைச்சிருக்கேன் நான். ஒரு சீனுக்கு. ஒரு சீனுக்காக!

செப்டம்பர் 16

இணையத்தில் படங்களை வெளியிடும் ஒரு நிறுவனத்திலிருந்து ஒருவர் பேசினார். விமர்சனம் படித்தாராம். படத்தை எடுத்துக்கொள்கிறார்கள். முன்னோட்டத்தை அந்தக் குரலிலேயே ஆரம்பிக்க வேண்டுமாம். கறுப்புத் திரை, 'நாலு தடவ கூப்பிட்டீங்க'. "பின்னிடும் சார்" என்றார்.

பதினாறு வருடமாக இந்தப் போனுக்காகக் காத்திருந்தேன். யோசித்துச் சொல்கிறேன் என்றேன்.

செப்டம்பர் 21, ஞாயிறு

அக்கா என் வீட்டுக்கு வந்தாள். நான் எடிட் செய்கிற அறைக்குள் இதுவரை அவள் வந்ததில்லை. "முழுசாப் போடு" என்றாள்.

ஹெட்போனை மாட்டிவிட்டேன். அவள் திரையில் ஓடுகிற கோடுகளைப் பார்த்துக்கொண்டு கேட்டாள். நான் சுவரைப் பார்த்தேன். ஆறு நிமிடம். கழற்றியதும், "குடையைப் பத்திப் பேசினேன்னு எனக்கு ஞாபகமே இல்ல" என்றாள். "இதைப் படத்துல காணோமே?"

"வெட்டிட்டேன்."

"ஏன்?"

பதில் சொன்னேன். பயம் போய்விடும் என்று நினைத்ததாக. அவள் என்னை நிமிர்ந்து பார்த்த பார்வையை எழுத வரவில்லை. சின்ன வயதில் எனக்காக எத்தனையோ தடவை அப்பாவிடம் அடி வாங்கியிருக்கிறாள், அப்போதெல்லாம் இப்படிப் பார்த்ததில்லை.

"கூப்பிட்டப்ப வேணும்னே எடுக்கலங்கறது வரைக்கும்தான் என் பொண்ணு கேட்டிருக்கா" என்றாள். "அப்புறம் மடியில வச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன்னு இப்ப நான் போய்ச் சொன்னா நம்புவாளா? சமாளிக்கறேன்னு நெனப்பா. நான் பொய்க்காரி. நீயும்தான்."

திரையில் நின்றிருந்த கோடுகளைக் காட்டினாள்.

"இதைக் கொண்டுபோய் அவகிட்டக் குடு. யாரும் இல்லன்னு நெனச்சுப் பேசினது இது. இதை நம்புவா. ஒரு இடத்துலயும் கை வைக்காத. விசிறிச் சத்தம்கூட அப்படியே இருக்கட்டும்."

வாசல்வரை போய்த் திரும்பி, "நான் வந்து குடுக்க முடியாதுடா. அவ என் மூஞ்சியைப் பாத்துக்கிட்டே கேப்பா. என்னால முடியாது" என்றாள். அப்போதுதான் அழுதாள். நான் கிட்டே போனேன், கையை நீட்டித் தடுத்துவிட்டாள்.

செப்டம்பர் 23

பள்ளி விடுகிற நேரத்துக்கு எதிரேயிருந்த பேருந்து நிறுத்தத்தில் உட்கார்ந்திருந்தேன். குட்டி என்னைப் பார்த்ததும் நடையைக் குறைத்தாள். ஆனால் வந்தாள்.

"நான் அன்னைக்குச் சொன்னது பொய். இது முழுசு" என்று சொல்லி, பதிவை ஏற்றிய பழைய போனையும் இயர்போனையும் கொடுத்தேன். காதில் மாட்டிக்கொண்டாள். இரண்டு பேருந்துகள் வந்து போயின. முடிந்ததும் மறுபடி முதலிலிருந்து கேட்டாள். இரண்டாம் தடவை, கடைசிப் பகுதி வருகிற நேரத்தில், கண்ணை மூடிக்கொண்டாள். கண்ணீர் மோவாயில் இறங்கிச் சீருடையில் விழுந்தது. துடைக்கவில்லை.

"நீங்க அன்னைக்கே மொத்தத்தையும் கேட்டீங்களா மாமா?"

"கேட்டேன்."

"கேட்டுட்டுதான் வெட்டுனீங்களா?"

"ஆமா."

மாமா ஏன் இப்படிச் செய்தீர்கள் என்று கேட்டிருந்தால் ஏதாவது உளறியிருப்பேன். அவள் கேட்கவில்லை. பேருந்து வந்தது, அந்தப் போனைப் பைக்குள் போட்டுக்கொண்டு ஏறிப் போய்விட்டாள். அத்தை வீட்டுக்குப் போகிற பேருந்து.

செப்டம்பர் 28, ஞாயிறு

அந்த நிறுவனத்துக்கு எழுதிவிட்டேன். குரல் இல்லாமல் எடுத்துக்கொள்வதானால் சரி. ஒரு மணி நேரத்தில் பதில் வந்தது. 'அப்படியானால் இதில் வேறென்ன இருக்கிறது?' நியாயமான கேள்வி.

அக்டோபர் 5, ஞாயிறு

காது வீட்டுக்குப் போனேன். வாசலில் நிற்கவைத்தே, "கேட்டாச்சுன்னீங்களே" என்றார். தலையைக் குனிந்துகொண்டேன். பிறகு, "உள்ள வாங்க. வேலையை முடிப்போம்" என்றார்.

குரலை எடுத்தோம். எடுத்த இடத்தில் பொட்டல் மாதிரி வெறுமை. அந்த அறையின் நிசப்தத்தைப் போட்டுத்தான் அடைக்க வேண்டும். ஆனால் அந்த அறைக்கு இருக்கிற நிசப்தம் அந்த ஆறு நிமிடம்தான். அவள் பேசாத இடங்களில்கூட அவள் மூச்சு இருக்கிறது. வினாடி வினாடியாக நகர்த்திப் பார்த்தார் காது, எல்லா இடத்திலும் இருக்கிறது. "வேணாம்" என்றேன். என் அறைக்குப் போய், இயந்திரத்தை வைத்துவிட்டு, இருவரும் தெருவில் நின்று புதிதாகப் பதிவு செய்தோம். பொருந்தவில்லை. அதையே வைத்துவிட்டோம்.

பழைய பதிவை என் எல்லா இடத்திலிருந்தும் அழித்தேன். காதும் அழித்தார். இப்போது அது குட்டியிடம் மட்டும்தான் இருக்கிறது.

அக்டோபர் 19

அக்கா எடுக்கவில்லை. நான் இரண்டு தடவைக்கு மேல் கூப்பிடுவதில்லை.

நவம்பர் 9, ஞாயிறு

குட்டி வீட்டுக்குத் திரும்பிவிட்டாளாம். எனக்கு யாரும் சொல்லவில்லை. அத்தானின் தங்கையைக் கடைத்தெருவில் பார்த்தேன், அவர்தான் சொன்னார். அக்டோபர் கடைசி வெள்ளிக்கிழமை பள்ளி முடிந்து நேராக அங்கே போய்விட்டாளாம். "ஒரு வாரமா அம்மாவும் பொண்ணும் அப்பாவைப் பத்தியேதான் பேசறாங்களாம். என் அண்ணனைப் பத்தி அந்த வீட்டுல யாரும் வாயே தெறக்கறதில்ல. இப்பதான்" என்று சந்தோஷப்பட்டார். என்ன நடந்தது என்று அவருக்கு ஒன்றும் தெரியாது.

தக்காளிக் கூடைகளுக்கு நடுவில் நின்றுகொண்டு அழுகையை அடக்கினேன். நல்ல செய்திதான்.

ஜனவரி 11, ஞாயிறு

படத்தை நானே இணையத்தில் இலவசமாகப் போட்டுவிட்டேன். இன்றோடு ஒரு வாரம். முந்நூற்றுச் சொச்சம் பேர் பார்த்திருக்கிறார்கள். 'அலமாரியைத் திறக்கறான், ஒண்ணுமே இல்ல. இதுக்கா இவ்வளவு பில்டப்பு?' என்று ஒருவர் எழுதியிருக்கிறார். அதற்குப் பதினெட்டுப் பேர் விருப்பம் தெரிவித்திருக்கிறார்கள். விழாவில் பார்த்த ஒருவர் மட்டும், 'முன்னாடி இதில் ஒரு குரல் இருந்ததே?' என்று கேட்டிருந்தார்.

பிப்ரவரி 1, ஞாயிறு

அக்கா கூப்பிட்டாள். நான்கு மாதத்துக்குப் பிறகு. குழாயில் தண்ணீர் ஒழுகுகிறதாம், ஆள் கிடைக்கவில்லையாம், வர முடியுமா என்றாள். குழாய் ரிப்பேர் எனக்குத் தெரியாது, அவளுக்கும் அது தெரியும். உடனே கிளம்பிவிட்டேன்.

கதவைத் தட்டும்போது உள்ளே அவளும் குட்டியும் ஏதோ சண்டை. யார் சீப்பை யார் எடுத்தது என்று. சத்தமாக, இருவரும் ஒரே நேரத்தில். கேட்கச் சுகமாக இருந்தது. நான் தட்டியதும் நின்றுவிட்டது.

அக்கா கதவைத் திறந்தாள். கொஞ்சம் இளைத்திருக்கிறாள். என்னைப் பார்த்துச் சிரிக்கவும் செய்தாள். பிறகு என் சட்டைப் பையைப் பார்த்தாள்.

"போனை அங்க செருப்பு ஸ்டாண்டு மேல வச்சுட்டு உள்ள வாடா."

கோபமே இல்லை. வெயிலில் நிற்காதே என்று சொல்வது மாதிரிதான் சொன்னாள். எடுத்து வைத்தேன். பையில் வேறு ஏதாவது இருக்கிறதா என்று அவள் கேட்கவில்லை, நானே இரண்டு பைகளையும் வெளியே இழுத்துக் காட்டினேன். குட்டி உள்ளறைக் கதவில் சாய்ந்துகொண்டு பார்த்தாள்.

குழாயைப் பார்த்தேன். வாஷர் போயிருந்தது, கடையில் கேட்டு வாங்கி வந்து ஒருவழியாக மாற்றினேன். காபி கொடுத்தாள். எதிரே உட்கார்ந்து பல் மருத்துவமனையில் புது டாக்டர் வந்திருக்கிறார் என்றாள், குட்டிக்கு மார்ச்சில் பரீட்சை என்றாள், குடிக்கிற சூடு இருக்கிறதா என்று கேட்டாள். ஒவ்வொரு வாக்கியத்தையும் முதலில் மனதுக்குள் ஒரு தடவை சொல்லிப் பார்த்துவிட்டுச் சொன்னாள். நாற்பத்திரண்டு வருடத்தில் அக்கா என்னிடம் அளந்து பேசி நான் கேட்டதில்லை.

"அடுத்த வாரமும் வரட்டுமா?" என்றேன்.

"வாயேன்" என்றாள்.